கேள்வி பதில்: போர்ட்ஸ் ஃபோல்டரில் போட்டும் விளையாட்டு ஏன் ஓடவில்லை?

இந்த மாதம் வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் ஒரே விஷயம்தான். லினக்ஸில் ஓடும் பழைய விளையாட்டுக் கருவிகளில் ‘போர்ட்ஸ்’ என்று ஒரு பகுதி இருக்கிறதே, அதில் விளையாட்டைப் போட்டால் கருப்புத் திரை வந்துவிட்டு மெனுவுக்கே திரும்பிவிடுகிறது என்கிறார்கள். மற்ற கேள்விகளை அடுத்த இதழுக்கு ஒதுக்கிவிட்டு இந்த முறை முழுக்கப் போர்ட் கேள்விகளையே எடுத்துக்கொண்டேன்.

மேடம், பேரன் ராஸ்பெரி பை 4 என்ற சிறு கம்ப்யூட்டரில், பழைய விளையாட்டுகளை ஓட்டும் ரெட்ரோபை என்ற மென்பொருளைப் போட்டு டிவியோடு இணைத்துக் கொடுத்திருக்கிறான். மெனுவில் நின்டெண்டோ, சேகா என்று கருவிகளின் பெயர்கள் வருகின்றன. கூடவே ‘போர்ட்ஸ்’ என்று ஒன்று. அப்படி ஒரு கருவி விற்பனைக்கு வந்ததாக எனக்கு நினைவில்லை. அது என்ன? அதில் விளையாடுவது சட்டப்படி சரிதானா?
— ஓய்வுபெற்ற தொலைபேசித் துறை ஊழியர், கும்பகோணம்

ஐயா, உங்கள் நினைவு சரிதான். அப்படி ஒரு கருவி கிடையாது. நின்டெண்டோ, சேகா பகுதிகளில் நடப்பது எமுலேஷன். பை-க்குள் ஒரு மென்பொருள் அந்தப் பழைய கருவியாகவே நடிக்கிறது. விளையாட்டு மாறாமல் அப்படியே அதன்மேல் ஓடுகிறது. போர்ட்டில் இந்த நடிப்பு கிடையாது. விளையாட்டின் மூலநிரலை, அதாவது புரோகிராமர்கள் எழுதிய மூல வரிகளை, எடுத்து, பை-யில் இருக்கும் ஏஆர்எம் சிப்புக்கும் லினக்ஸுக்கும் பொருந்தும்படி மாற்றி, புதிதாகக் கம்பைல் செய்து இயந்திர மொழிக்குக் கொண்டுவந்திருக்கிறார்கள். அதனால் இந்த விளையாட்டு பை-க்கென்றே எழுதப்பட்ட புரோகிராம்போல நேரடியாக ஓடும். வேகம் கூடும், சூடு குறையும்.

இது எப்படிச் சாத்தியமானது என்பதைத் தெரிந்துகொள்வது முக்கியம். பின்னால் வரும் எல்லாப் பதில்களும் இதில்தான் நிற்கின்றன. டூம் 1993 டிசம்பரில் வெளிவந்தது. டாஸ் என்ற பழைய இயங்குதளத்தில் ஓடும் கம்ப்யூட்டர்களுக்கான விளையாட்டு. நான்கு வருடம் கழித்து, 1997 டிசம்பரில், ஐடி சாஃப்ட்வேர் நிறுவனத்தின் ஜான் கார்மாக் அதன் மூலநிரலை எல்லோரும் எடுத்துக்கொள்ளும்படி வெளியிட்டார். வெளியிட்டது டாஸ் பதிப்பை அல்ல, லினக்ஸ் பதிப்பை. டாஸ் பதிப்பில் இருந்த ஒலி நூலகம் வேறொருவருக்குச் சொந்தம், அதைக் கொடுக்க கார்மாக்குக்கு உரிமை இல்லை. கூடவே வைத்த சிறு குறிப்பில், உங்களுக்குப் பிடித்த இயங்குதளத்துக்கு இதைக் கொண்டுபோங்கள் என்று எழுதியிருந்தார். உலகம் அதை அப்படியே செய்தது. 1999-ல் அந்த நிரல், யாரும் எடுத்து மாற்றிப் பகிர அனுமதிக்கும் ஜிபிஎல் உரிமத்துக்கு மாறியது. அதே வருட டிசம்பரில் குவேக் நிரலும் வந்தது. டியூக் நியூக்கம் 3டி 2003-ல். 1989-ல் வந்த சிம்சிட்டியின் நிரல்கூட 2008-ல் ஜிபிஎல் உரிமத்தில் வெளியாகி, மைக்ரோபோலிஸ் என்ற பெயரில் இன்று ரெட்ரோபையில் இருக்கிறது.

ஆனால் இவர்களில் பலர் கொடுத்தது நிரலை மட்டும்தான். விளையாட்டில் இரண்டு பாகம் உண்டு. ஒன்று எஞ்சின்: பட்டனைக் கவனிப்பது, படம் வரைவது, யார் எங்கே நிற்கிறார்கள் என்று கணக்கு வைப்பது. மற்றது டேட்டா: படங்கள், ஒலிகள், வரைபடங்கள். டூமில் இந்த டேட்டா முழுவதும் வாட் என்ற ஒரே வகை ஃபைலில் அடங்கியிருக்கும். எஞ்சினை இலவசமாகப் பகிரலாம். டேட்டாவின் காப்புரிமை இன்னும் நிறுவனத்திடம்தான் இருக்கிறது. ஆகவே உங்கள் சட்டக் கேள்விக்குப் பதில்: எஞ்சினை ரெட்ரோபை தருகிறது, அதில் எந்தச் சிக்கலும் இல்லை. டேட்டாவை நீங்கள் காசு கொடுத்து வாங்கியிருக்க வேண்டும், அல்லது உரிமையாளரே இலவசமாகத் தந்ததாக இருக்க வேண்டும். டூமின் முதல் பாகம், ஒன்பது வரைபடங்கள், ஷேர்வேராக, அதாவது முன்னோட்டமாகப் பகிரும் பகுதியாக, அன்றிலிருந்தே இலவசம். ரெட்ரோபையில் டூமை இன்ஸ்டால் செய்யும்போது அது தானாகவே வந்துவிடும். ஃப்ரீடூம் என்று ஒன்றும் உண்டு. தன்னார்வலர்கள் படம், ஒலி, வரைபடம் எல்லாவற்றையும் புதிதாகச் செய்து, அதே எஞ்சினில் ஓடும்படி இலவசமாகக் கொடுத்திருக்கிறார்கள்.

பேரன் வந்தால் ஓபன்டைரியனையும் போடச் சொல்லுங்கள். 1995-ல் வந்த விண்கல விளையாட்டு. அதன் டேட்டாவும் இலவசமாக்கப்பட்டுவிட்டது. அரக்கோணம் லோக்கலில் உட்கார இடம் கிடைக்கும் நாட்களில் நான் விளையாடுவது பெரும்பாலும் அதைத்தான்.

அக்கா, ரெட்ரோபையில் ‘ஆப்ஷனல் பேக்கேஜஸ்’ பகுதியிலிருந்து குவேக் இன்ஸ்டால் செய்தேன். முதல் பாகம் நன்றாக ஓடியது. முழு விளையாட்டையும் ஸ்டீம் என்ற இணையக் கடையில் வாங்கி, பாக்0, பாக்1 இரண்டு ஃபைலையும் ஐடி1 ஃபோல்டரில் போட்டேன். இன்னும் முதல் பாகம் மட்டும்தான் வருகிறது. இதே ஃபோல்டரை நண்பனின் ஆர்36எஸ் கைக்கருவியில் போட்டால் நான்கு பாகமும் வருகிறது! என் பை-யில் என்ன குறை?
— பொறியியல் மாணவர், பாளையங்கோட்டை

தம்பி, பை-யில் குறை எதுவும் இல்லை. நண்பனின் கருவியில் ஓடுகிறது என்று எழுதினாயே, அந்த ஒரு வரியே காரணத்தைக் காட்டிக்கொடுத்துவிட்டது. ஸ்டீமிலிருந்து வரும் அந்த ஃபைல்களின் பெயர் ஆங்கிலப் பெரிய எழுத்தில் இருக்கும். டாஸ் காலத்துப் பழக்கம். ரெட்ரோபையின் ரோம்ஸ் ஃபோல்டர் இருப்பது லினக்ஸின் எக்ஸ்ட்4 முறையில் அமைத்த கார்டுப் பகுதியில். அங்கே பெரிய எழுத்துப் பெயர் வேறு ஃபைல், சிறிய எழுத்துப் பெயர் வேறு ஃபைல். எஞ்சின் சிறிய எழுத்தில் தேடுகிறது. இன்ஸ்டால் செய்தபோது வந்த ஷேர்வேர் பாக்0 சிறிய எழுத்தில் இருக்கிறது, அது கிடைத்துவிடுகிறது. நீ போட்ட இரண்டும் அதன் கண்ணிலேயே படவில்லை. நண்பனின் கருவியில் இருக்கும் ஆர்க்ஓஎஸ் என்ற சிஸ்டத்தில் விளையாட்டுகள் இருப்பது ஈஸிரோம்ஸ் என்ற, எக்ஸ்ஃபேட் முறையில் அமைத்த பகுதியில். எக்ஸ்ஃபேட் எழுத்தின் அளவைப் பார்க்காது. அதனால் அங்கே ஓடுகிறது.

பெயரை மாற்றினால் போதும். இரண்டு ஃபைலின் பெயரையும், பின்னொட்டையும் சேர்த்து, சிறிய எழுத்தாக்கு. விண்டோஸ் வழியாக மாற்றுவதாக இருந்தால் எக்ஸ்ப்ளோரர் முகவரிப் பட்டையில் இரண்டு பின்சாய்வுக் கோடு போட்டு ரெட்ரோபை என்று தட்டு, ரோம்ஸ், போர்ட்ஸ், குவேக், ஐடி1 என்று உள்ளே போ. அங்கே இப்போது ஒரே பெயரில் பெரிய எழுத்து ஒன்று, சிறிய எழுத்து ஒன்று என்று இரண்டு பாக்0 இருக்கும். விண்டோஸ் இதைப் பார்த்தால் குழம்பும். பழைய ஷேர்வேர் பாக்0-வை முதலில் வேறு இடத்துக்கு நகர்த்திவிட்டு அப்புறம் பெயரை மாற்று.

இன்னொன்றையும் சரிபார். 2021-ல் குவேக்கின் மெருகேற்றிய பதிப்பு வந்தது. ஸ்டீமில் வாங்கினால் அதுவும், 1996-ன் அசலும் சேர்ந்தே வரும். ‘ரீரிலீஸ்’ என்ற ஃபோல்டருக்குள்ளும் ஓர் ஐடி1 இருக்கிறது. அது புதிய பதிப்பின் டேட்டா, பழைய எஞ்சினுக்கு ஒத்துவராது. வெளியே இருக்கும் ஐடி1-தான் உனக்கு வேண்டியது. அளவைப் பார்த்தே கண்டுபிடிக்கலாம்: அசல் பாக்0 சுமார் 18 எம்பி, பாக்1 சுமார் 34 எம்பி.

எல்லாம் சரியானதும் இசை வரவில்லையே என்று அடுத்த கடிதம் எழுதுவாய் என்பதால் இப்போதே சொல்லிவிடுகிறேன். குவேக்கின் இசை பாக் ஃபைலில் கிடையாது. அந்தக் காலத்து சிடியில் சாதாரணப் பாட்டு சிடிபோல ஆடியோ டிராக்குகளாகவே பதிந்திருந்தார்கள். முதல் டிராக் டேட்டா என்பதால் இசை இரண்டிலிருந்து தொடங்கும். அந்த டிராக்குகளை ஓஜிஜி ஃபைல்களாக்கி, ஐடி1-க்குள் மியூசிக் என்று ஒரு ஃபோல்டர் போட்டு, டிராக்02 முதல் வரிசையாகப் பெயர் வைத்து வைக்க வேண்டும். இந்த ஃபோல்டர் பெயரும் சிறிய எழுத்தில்தான்.

அக்கா, நான் ஒன்பதாம் வகுப்பு. மாமா ஆர்36எஸ் வாங்கிக் கொடுத்தார். ஸ்டார்ட்யூ வேலி ஓடும் என்று வீடியோவில் பார்த்தேன். நண்பன் கொடுத்த மொபைல் ஏபிகே ஃபைலை ஃபோல்டரில் போட்டேன். போர்ட் ஜிப் ஃபைலையும் பிரித்துப் போட்டேன். பெயர் மெனுவில் வருகிறது. அழுத்தினால் திரை கருப்பாகி, திரும்பி வந்துவிடுகிறது.
— பள்ளி மாணவர், கரூர்

தம்பி, உன் கடிதத்தில் மூன்று தனித்தனிச் சிக்கல்கள் இருக்கின்றன. ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

முதலில் ஏபிகே. இந்த விளையாட்டு கம்ப்யூட்டரில் டாட்நெட் என்ற மேடையில் ஓடும்படி எழுதப்பட்டது. கைக்கருவிகளில் போர்ட்களை இன்ஸ்டால் செய்யும் போர்ட்மாஸ்டர் என்ற புரோகிராமில் இருக்கும் போர்ட், கம்ப்யூட்டர் பதிப்பின் ஃபைல்களைத்தான் எதிர்பார்க்கிறது. மொபைல் பதிப்பை அதற்குத் தெரியாது. அதோடு, இந்த விளையாட்டை ஒரே ஒரு மனிதர் வருடக்கணக்கில் தனியாக உட்கார்ந்து செய்திருக்கிறார். எழுத்து, படம், இசை எல்லாம் அவரே. நண்பன் கொடுத்த ஃபைலை அழித்துவிடு. மாமாவிடம் கேட்டு ஸ்டீம் தள்ளுபடி விற்பனையின்போது வாங்கிக்கொள். வாங்கியபின் ஸ்டீமில் அந்த விளையாட்டின் பண்புகளைத் திறந்து, பீட்டாஸ் என்ற பகுதியில் ‘கம்பாட்டிபிலிட்டி’ என்ற பதிப்பைத் தேர்வு செய்தபின் டவுன்லோட் செய். போர்ட் கேட்பது அந்தப் பதிப்பைத்தான். அதன் ஃபைல்களை ஸ்டார்ட்யூவேலி ஃபோல்டருக்குள் இருக்கும் கேம்டேட்டா ஃபோல்டரில் போட வேண்டும்.

இரண்டாவது, ஜிப்பை நீயே பிரித்தது. அதைப் பிரிக்க வேண்டியது போர்ட்மாஸ்டரின் வேலை. கையால் பிரித்தால் பெரும்பாலும் ஃபோல்டருக்குள் இன்னொரு ஃபோல்டர் உருவாகி, பாதை தவறிவிடும். ஜிப்பை அப்படியே, பிரிக்காமல், கார்டில் டூல்ஸ் ஃபோல்டருக்குள் போர்ட்மாஸ்டர், அதற்குள் ஆட்டோஇன்ஸ்டால் என்ற ஃபோல்டரில் வை. இது ஆர்க்ஓஎஸ்-க்கான பாதை, மற்ற சிஸ்டங்களில் இடம் மாறும். பிறகு கருவியில் போர்ட்மாஸ்டரை ஒருமுறை திற. அதுவே பிரித்து, உரிய இடத்தில் வைத்துவிடும்.

மூன்றாவதுதான் பலர் கவனிக்காமல் விடுவது. ஆர்36எஸ்-ல் உள்ளே வைஃபை கிடையாது. இந்த விளையாட்டு ஓடுவதற்கு மோனோ என்ற ரன்டைம், அதாவது டாட்நெட் புரோகிராம்களை ஓட்டும் துணை மென்பொருள், தனியாக வேண்டும். வைஃபை இருக்கும் கருவிகளில் போர்ட்மாஸ்டர் அதையும் தேடி இறக்கிவிடும். உன் கருவியால் முடியாது. யுஎஸ்பி வைஃபை டாங்கிள் மாட்டினால் சரியாகிவிடும். இல்லையென்றால் போர்ட்மாஸ்டர் வெளியீடுகளிலிருந்து அந்த ரன்டைம் ஃபைலையும் கம்ப்யூட்டரில் இறக்கி அதே ஆட்டோஇன்ஸ்டால் ஃபோல்டரில் வை. ஸ்குவாஷ்எஃப்எஸ் என்று முடியும் ஃபைல் அது.

இனி எந்த விளையாட்டு கருப்புத் திரையோடு திரும்பி வந்தாலும், அதன் ஃபோல்டரைத் திறந்து லாக் என்ற பெயரில் இருக்கும் டெக்ஸ்ட் ஃபைலைப் பார். கடைசிப் பத்து வரியைப் படித்தாலே எந்த ஃபைல் கிடைக்கவில்லை என்று தெரியும். ஆங்கிலம் கடினமாக இருந்தால் ஆசிரியரிடம் காட்டு. எனக்கு எழுதும்போதும் அந்த வரிகளைச் சேர்த்து எழுது. லாக் இல்லாமல் வரும் கேள்விகளுக்கு என்னால் ஊகமாகத்தான் பதில் சொல்ல முடிகிறது.

விளையாட்டு வாங்கும்வரை காத்திருக்க வேண்டாம். போர்ட்மாஸ்டரில் ‘ரெடி டு ரன்’ என்று குறியிட்ட போர்ட்கள் நிறைய உண்டு. டேட்டாவும் சேர்ந்தே வரும், எதையும் காப்பி செய்ய வேண்டியதில்லை. அவற்றில் ஒன்றை இன்ஸ்டால் செய்து, கருவி சரியாக இருக்கிறதா என்று முதலில் உறுதி செய்துகொள்.

என் மகளுக்கு எட்டு வயது. கைக்கருவி ஒன்று வாங்கினோம். கார்டில் ஆயிரக்கணக்கில் விளையாட்டுகள் இருக்கின்றன, எதைத் திறப்பது என்று அவளுக்கும் தெரியவில்லை, எனக்கும் தெரியவில்லை. சுடுவது, வெட்டுவது இல்லாமல், அவள் நிதானமாக விளையாட ஏதாவது சொல்லுங்கள்.
— ஒரு தாய், சென்னை

முதலில் கார்டைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். கருவியோடு வரும் அந்த கார்டை நம்பாதீர்கள். பெயர் தெரியாத மலிவுக் கார்டுகள் சீக்கிரம் பழுதாகும். அதில் நிரப்பியிருக்கும் விளையாட்டுகளும் யாரிடமும் அனுமதி பெற்றவை அல்ல. நல்ல நிறுவனத்தின் கார்டு ஒன்றை நம்பகமான கடையில் வாங்கி, கருவிக்குரிய சிஸ்டத்தை அதில் புதிதாக எழுதுங்கள். பத்து விளையாட்டு மட்டும் இருக்கட்டும். குழந்தை பத்தையும் விளையாடும்.

சூப்பர்டக்ஸ் முதலில். பெங்குவின் ஓடிக் குதிக்கும் விளையாட்டு. எஞ்சின், டேட்டா எல்லாம் சுதந்திர மென்பொருள், வாங்க வேண்டிய எதுவும் இல்லை. பிறகு கேவ் ஸ்டோரி. ஜப்பானில் டைசுகே அமாயா தனியாகச் செய்து 2004-ல் இலவசமாகக் கொடுத்தது. அதில் கொஞ்சம் சுடுவது உண்டு, இன்னும் இரண்டு மூன்று வருடம் போகட்டும்.

ஓபன்டிடிடி-யைப் பற்றி நான் கொஞ்சம் விரிவாகவே சொல்ல விரும்புகிறேன். எனக்கு மிகவும் பிடித்த போர்ட் அது. கிரிஸ் சாயர் செய்த டிரான்ஸ்போர்ட் டைகூன் டீலக்ஸ் 1995-ல் வந்தது. ஊர்களுக்கு இடையே தண்டவாளம் போட்டு, நிலையம் கட்டி, ரயில் விட்டு, நிலக்கரியும் தபாலும் பயணிகளும் ஏற்றிச் சம்பாதிக்க வேண்டும். லுட்விக் ஸ்ட்ரீகியஸ் அதன் எஞ்சினைத் திரும்ப எழுதி 2004-ல் வெளியிட்டார். அப்போதும் படங்களுக்கு அசல் சிடி தேவைப்பட்டது. தன்னார்வலர்கள் படங்களையும் ஒலிகளையும் இசையையும் ஒவ்வொன்றாகப் புதிதாகச் செய்தார்கள். 2010-ல் வந்த 1.0 பதிப்பிலிருந்து அசல் இல்லாமலே முழுமையாக விளையாடலாம். ஒரு மரம், ஒரு பாலம், ஒரு வேகன் விடாமல் மறுபடி வரைந்தவர்களின் உழைப்பு அது. எட்டு வயதுக்குக் கணக்கு புரியாவிட்டாலும் பரவாயில்லை. ரயில் விட்டால் போதும், சந்தோஷமாக உட்கார்ந்திருப்பார்கள். சிறிய திரையில் எழுத்து மிகப் பொடியாக வரும், அமைப்புகளில் இடைமுகத்தின் அளவை இரட்டிப்பாக்குங்கள். வீட்டில் ராஸ்பெரி பை இருந்தால் டிவியில், மவுஸ் இணைத்து விளையாடுவதே உத்தமம்.

ஆங்கிலம் வாசிக்கப் பழகியதும் ஸ்கம்விஎம் போட்டுக் கொடுங்கள். கதை விளையாட்டுகளுக்கான எஞ்சின். ஃபிளைட் ஆஃப் தி அமேசான் குவீன் என்ற 1995-ன் விளையாட்டை உரிமையாளர்களே 2004-ல் இலவசமாக்கிவிட்டார்கள். அவசரமே இல்லை, யோசித்து யோசித்து விளையாடலாம். அதில் வரும் சில கேலிப் பேச்சுகள் பெரியவர்களுக்கானவை என்பதால் நீங்கள் ஒருமுறை பார்த்துவிட்டுக் கொடுங்கள்.

விண்டோஸில் நோட்பேட் திறந்து, ஒரு விளையாட்டைத் தொடங்கும் லினக்ஸ் கட்டளைகளை நானே எஸ்எச் ஃபைலாக எழுதி பை-யின் போர்ட்ஸ் ஃபோல்டரில் போட்டேன். எழுத்துக்கு எழுத்து சரிபார்த்துவிட்டேன், பிழையே இல்லை. ஆனால் ஓடவில்லை.
— தனியார் நிறுவன ஊழியர், ஓசூர்

பிழை கண்ணுக்குத் தெரியாத இடத்தில் இருக்கிறது. விண்டோஸ் ஒவ்வொரு வரியின் முடிவிலும் இரண்டு குறிகள் வைக்கும், லினக்ஸுக்கு ஒன்றுதான் தெரியும். கூடுதலாக இருக்கும் குறியையும் வரியின் கடைசிச் சொல்லோடு சேர்த்துப் படித்து, அப்படி ஒரு கட்டளையோ ஃபைலோ இல்லை என்று லினக்ஸ் நின்றுவிடுகிறது. நோட்பேட் பிளஸ் பிளஸ் என்ற இலவச எடிட்டரில் திறந்து, எடிட் மெனுவில் வரி முடிவை யுனிக்ஸ் முறைக்கு மாற்றிச் சேமியுங்கள்.  பிறகும் தகராறு என்றால் விளையாட்டு மூடியவுடன் டெவ் ஃபோல்டருக்குள் எஸ்எச்எம் என்ற இடத்தில் ரன்கமாண்ட் லாக் இருக்கும். பை-யை அணைத்தால் அது அழிந்துவிடும் என்பதால் உடனே பாருங்கள்.

கீபோர்டு இல்லாத கைக்கருவியில் டியூக் நியூக்கம் மாதிரி விளையாட்டுகளுக்குப் பட்டன்கள் எப்படி வேலை செய்கின்றன? எனக்குப் பிடித்தபடி மாற்றலாமா?
— ஃபோட்டோ ஸ்டுடியோ நடத்துபவர், நாகர்கோவில்

தாராளமாக மாற்றலாம். போர்ட்மாஸ்டரில் ஜிபிடோகேபி என்ற சிறு புரோகிராம் பின்னணியில் இருந்துகொண்டு, நீங்கள் அழுத்தும் பட்டனைக் கீபோர்டு விசையாகவோ மவுஸ் அசைவாகவோ மாற்றிக் கொடுக்கிறது. விளையாட்டின் ஃபோல்டரில் ஜிபிடிகே என்று முடியும் டெக்ஸ்ட் ஃபைல் இருந்தால் அதுதான் பட்டியல். இடப்பக்கம் பட்டன் பெயர், வலப்பக்கம் விசையின் பெயர். வலப்பக்கத்தை மட்டும் மாற்றுங்கள், மாற்றுமுன் ஒரு பிரதி எடுத்துவையுங்கள். திரை உறைந்துவிட்டால் செலக்ட், ஸ்டார்ட் இரண்டையும் சேர்த்து அழுத்தினால் வெளியே வரலாம், அந்த வேலையையும் இதே புரோகிராம்தான் செய்கிறது.

1 ஜிபி ரேம் உள்ள கருவியில் ஹாஃப் லைஃப் ஓடுமா?
— வாசகர், வேலூர்

ஓடும். 1998-ல் அது கேட்டது 24 எம்பி ரேம்தான். எக்ஸாஷ்3டி என்ற எஞ்சின் போர்ட்டாகக் கிடைக்கிறது. வாங்கிய விளையாட்டிலிருந்து வால்வ் என்ற ஃபோல்டரைக் காப்பி செய்ய வேண்டும். 2023 நவம்பரில் வந்த 25-ஆம் ஆண்டுப் பதிப்பு பல மாற்றங்கள் செய்தது. அதற்கு முந்தைய பதிப்பையும் ஸ்டீமின் பீட்டாஸ் பகுதியிலேயே வைத்திருக்கிறார்கள். போர்ட்டின் குறிப்பில் எது வேண்டும் என்று பார்த்து எடுங்கள்.

அக்கா, லவ் என்ற விளையாட்டு எஞ்சினில் பல்லாங்குழி செய்திருக்கிறேன். லேப்டாப்பில் ஓடுகிறது. பாட்டிக்குக் கைக்கருவியில் போட்டுக் கொடுக்க ஆசை. அவருக்கு ஆங்கிலம் தெரியாது, அதனால் எல்லா எழுத்தும் தமிழில் வைத்தேன். ஆனால் கொம்பு வரும் எழுத்துகள் எல்லாம் உடைந்து தெரிகின்றன. யூனிகோட் எழுத்துருதான் போட்டேன். இதைப் போர்ட்டாக்க முடியுமா?
— கல்லூரி மாணவி, மதுரை

இந்த மாதக் கடிதங்களில் என்னை மிகவும் மகிழ்வித்தது இதுதான். மற்ற எல்லோரும் யாரோ செய்த விளையாட்டைக் கொண்டுவர முயல்கிறார்கள், நீங்கள் உங்களுடையதையே கொண்டுபோகிறீர்கள். எஞ்சினும் டேட்டாவும் உங்கள் கையிலேயே இருக்கின்றன, யாரையும் கேட்க வேண்டியதில்லை.

போர்ட்டாக்குவது எளிது. லவ் ஃபைல் என்பது உள்ளபடிக்கு ஒரு ஜிப் ஃபைல்தான். மெயின் என்ற, லுவா மொழியில் எழுதிய ஃபைல் அதன் மேல் மட்டத்திலேயே இருக்க வேண்டும், உள்ஃபோல்டரில் போய்விடக் கூடாது. விற்பனைக்கு வரும் பெரிய விளையாட்டுகளும் இப்படித்தான். 2024-ல் வந்த பலாட்ரோ இதே எஞ்சினில் செய்தது. அதன் விண்டோஸ் ஃபைலுக்குள்ளும் ஒரு ஜிப் ஒட்டியிருக்கிறது. அதனால்தான் அந்த எக்ஸ்இ ஃபைலை அப்படியே போர்ட் ஃபோல்டரில் வைத்தால் லினக்ஸ் கருவியில் ஓடுகிறது. போர்ட்மாஸ்டரில் லவ் 11 ரன்டைம் தயாராக இருக்கிறது. லவ்வில் செய்த ஏதாவது இலவசப் போர்ட்டின் எஸ்எச் ஃபைலை எடுத்து, ஃபோல்டர் பெயரையும் லவ் ஃபைலின் பெயரையும் மாற்றினால் உங்கள் விளையாட்டு மெனுவில் வந்துவிடும்.

தமிழ் உடைவதற்குக் காரணம் எழுத்துரு இல்லை. தமிழில் ‘கெ’ என்று எழுத, யூனிகோடில் முதலில் ககரம், அப்புறம் கொம்பு என்று சேமிக்கிறோம். திரையில் கொம்பு முன்னால் வர வேண்டும். ‘கொ’ என்றால் ஒரே குறி இரண்டாகப் பிரிந்து எழுத்தின் இரு பக்கமும் நிற்க வேண்டும். இந்த இடமாற்றத்தைச் செய்வது ஹார்ஃப்பஸ் போன்ற எழுத்து வடிவமைப்பு நூலகம். லவ் 11-ல் அது கிடையாது. சேமித்த வரிசையிலேயே குறிகளை வரைந்துவிடுகிறது. கோடோ எஞ்சினின் 3-ஆம் பதிப்பிலும் இதே நிலைதான், 4-ஆம் பதிப்பில் சரி செய்துவிட்டார்கள். லவ் 12-க்கும் ஹார்ஃப்பஸ் சேர்த்திருக்கிறார்கள். ஆனால் கைக்கருவி ரன்டைமை நம்பிச் செய்யும்போது 11-க்கே வழி தேடுவது நல்லது.

வழி இருக்கிறது. பல்லாங்குழிக்கு எத்தனை சொற்கள் வேண்டியிருக்கும்? ‘உங்கள் முறை’, ‘மறுபடி ஆடலாம்’, வெற்றி, தோல்வி, ஒரு பக்க விதிமுறை. இவற்றை ஏதாவது பட எடிட்டரில் தமிழில் தட்டி, பின்னணி இல்லாத பிஎன்ஜி படங்களாகச் சேமித்துக்கொள்ளுங்கள். விளையாட்டில் எழுத்தாக அச்சிடாமல் படமாக வரையுங்கள். மாறிக்கொண்டே இருப்பது சோழிகளின் எண்ணிக்கை மட்டும்தான், இலக்கங்கள் உடைவதில்லை. நூற்றுக்கணக்கான வசனம் உள்ள விளையாட்டுக்கு இந்த முறை ஆகாது. பல்லாங்குழிக்குத் தாராளமாகப் போதும்.

பாட்டிக்கு என்பதால் இன்னும் இரண்டு விஷயம். பெரும்பாலான மலிவுக் கருவிகளின் திரை 640-க்கு 480 புள்ளிகள். லேப்டாப்பின் அகலத் திரைக்கு வரைந்ததை அப்படியே சுருக்கினால் மேலும் கீழும் கருப்புப் பட்டை விழுந்து, குழிகள் மேலும் சிறியதாகிவிடும். ஒரு வரிசைக்கு ஏழு குழி, இரண்டு வரிசை. 640 புள்ளியில் ஒரு குழிக்கு எண்பதுக்கு மேல் இடம் தாராளமாகக் கிடைக்கிறது. காசிக்குழி எண்ணிக்கையை மேலும் கீழும் மிச்சமாகும் இடத்தில் வையுங்கள். இந்தத் திரைக்கென்றே ஒரு தளவமைப்பு தனியாகச் செய்துவிடுங்கள். பட்டனில், இடம் வலம் போகத் திசைப் பட்டன், எடுத்துப் போட ஏ பட்டன், அவ்வளவு போதும். சோழி ஒவ்வொன்றாக விழுவதைக் கண்ணால் எண்ண முடிகிற வேகத்தில் வையுங்கள், ஒவ்வொன்றுக்கும் ஒலி கொடுங்கள். எண்ணிக்கொண்டே ஆடுபவர்களுக்கு அந்த ஒலி வேண்டும்.

முடிந்ததும் லவ் ஃபைலை அலுவலக முகவரிக்கு அனுப்புங்கள். என்னிடம் 640-க்கு 480 திரை உள்ள ஆர்ஜி35எக்ஸ்எக்ஸ் ஹெச் கருவியும், 480-க்கு 320 திரை உள்ள பழைய ஆர்ஜி351பி-யும் இருக்கின்றன. இரண்டிலும் ஓட்டிப் பார்த்து, எழுத்து எங்கே சிறிதாகிறது, எந்தக் குழி விளிம்பில் வெட்டுப்படுகிறது என்று லாக்கோடு எழுதுகிறேன்.